ஈரத்துணியும் ஒன்பதாவது குழந்தையும்

என் அண்ணியைப் பாராட்டி நான் எழுதுகிறேன் என்று தெரிந்தால், எங்கள் வீட்டில் முதலில் என் நெற்றியைத் தொட்டுக் காய்ச்சல் இருக்கிறதா என்று பார்ப்பார்கள். பதினாறு வருஷமாக ஒரே வீட்டில் இருக்கிறோம். கீழே அவளும் அண்ணனும், மாடியில் நான். இந்தப் பதினாறு வருஷமும் நான் எதையாவது சொல்லுவேன், அவள் எதையாவது துடைப்பாள். தங்கையான எனக்கு அண்ணன் வைத்திருக்கும் பெயர் தேள். அவள் நர்ஸாக இருக்கும் குழந்தைகள் கிளினிக்கில் அவளுக்கு வைத்திருக்கும் பெயர் ஈரத்துணி.

பெயரைச் சும்மா வைக்கவில்லை. ஊசி போடும் அறையில் அவள் மேஜைமேல் ஒரு நீலத் துணி மடித்தபடி இருக்கும். தடுப்பூசி மருந்தைச் சிரிஞ்சில் ஏற்றிக் காற்றுக்குமிழி போக ஒரு தட்டு தட்டுவாள், ஊசி முனையில் ஒரு துளி எட்டிப் பார்த்து மேஜையில் விழும், துணி வரும். பிள்ளை எச்சில் விட்டால் துணி வரும். எடைத்தட்டு, கதவுப்பிடி, ஃபிரிட்ஜ் கைப்பிடி, பேனா, எதையும் விடமாட்டாள். அப்பாக்காரர் ஒருவர் மேஜையோரம் கொஞ்சம் அதிக நேரம் சாய்ந்து நின்றதால் அவர் முழங்கையையும் சேர்த்துத் துடைத்துவிட்டாள் என்று ஒரு கதை உண்டு. அவள் இல்லை என்பாள். நான் நம்புகிறேன், அதாவது கதையை. சாயங்காலம் அந்தத் துணியைக் கிருமிநாசினியில் ஊறப்போட்டு, வெந்நீரில் அலசிக் காயப்போட்ட பிறகுதான் வீட்டுக்குக் கிளம்புவாள்.

நான் கிருமிப் பரிசோதனை ஆய்வகத்தில் வேலை பார்க்கிறேன். ஏழு கிளினிக்குகளிலிருந்து எங்களுக்கு மாதிரிகள் வரும். கக்குவான் இருமலா என்று பார்க்க, மெல்லிய கம்பி போன்ற ஸ்வாப்பை மூக்குவழியாக விட்டுத் தொண்டையின் பின்சுவர் வரை கொண்டுபோக வேண்டும். கிருமி அங்கேதான் குடியிருக்கும். மற்ற ஆறு கிளினிக்காரர்களும் மூக்கு வாசலில் எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுவார்கள். பாவம், பிள்ளை அழுகிறதாம். அண்ணி எடுத்த மாதிரி என்றால் சீட்டைப் பார்க்காமலே சொல்லிவிடுவேன். எங்கே போகவேண்டுமோ அங்கே போய்விட்டு வந்திருக்கும். இதை அவளிடம் ஒருநாளும் சொன்னதில்லை. சொன்னால் தேள் என்ற பெயருக்கு என்ன மரியாதை?

அப்படிப்பட்டவளின் கிளினிக்கிலிருந்துதான் அந்த வம்பு வந்தது. இரண்டே வாரத்தில் ஒன்பது குழந்தைகளுக்குக் கக்குவான் இருமல் என்று என் இயந்திரம் சொன்னது. மற்ற ஆறு கிளினிக்கிலும் ஒன்றுகூட இல்லை. அந்த ஒன்பது வீட்டிலும் குடும்பம் குடும்பமாக மருந்து, இரண்டு குழந்தைகள் காப்பகத்துக்குப் பூட்டு என்று கிளினிக்கின் பெரிய டாக்டர் ஓலை தயார் செய்துகொண்டிருந்தார்.

எனக்கு மட்டும் உறுத்தியது. எங்கள் பி.சி.ஆர் இயந்திரத்துக்குத் தெரிந்தது ஒரே வேலை. அந்தக் கிருமியின் டி.என்.ஏ துளியூண்டு இருந்தாலும் அதை இரண்டாக்கும், நாலாக்கும், எட்டாக்கும், அப்படியே நாற்பது சுற்று ஓடும். நோய் முற்றிய பிள்ளை என்றால் இருபதாவது சுற்றுப் பக்கத்திலேயே கத்திவிடும். ஏதோ ஒட்டிக்கொண்டிருக்கிறது என்றால் முப்பத்தைந்தைத் தாண்டித்தான் முனகும். அந்த ஒன்பதும் முப்பத்தாறிலும் முப்பத்தேழிலும் முனகின. அதோடு, ஒன்பதில் எட்டுப் பிள்ளைகள் சளி விட்டுப்போய் ஓடியாடி விளையாடிக்கொண்டிருந்தன.

முதலில் என்மேல்தான் சந்தேகப்பட்டேன். ஆய்வகத்தைச் சல்லடை போட்டுச் சலித்தேன். என் பக்கம் சுத்தம். வெறும் தண்ணீரை வைத்து ஓட்டினால் வெறும் தண்ணீர் என்றே வந்தது. அப்படியென்றால் அழுக்கு வந்தது மாதிரி எடுக்கிற இடத்திலிருந்து. யார் அறையிலிருந்து என்று யோசித்தபோது எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாகக்கூட இருந்தது. உள்ளதைச் சொல்கிறேன், பதினாறு வருஷம்!

ஞாயிற்றுக்கிழமை காலையில் கீழே போனேன். அண்ணி சாப்பாட்டு மேஜையைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"அண்ணி, தடுப்பூசி மருந்தை நீங்க எந்த மேஜையில எடுப்பீங்க?"

"ஊசி ரூம்லதான். ஏன்?"

"ஸ்வாப் பாக்கெட்டைப் பிரிக்கிறது?"

"அதே மேஜைதான். இதென்ன, ஞாயித்துக்கிழமையும் அதுவுமா விசாரணைக் கமிஷனா?"

சொன்னேன். தடுப்பூசிக்குள் இருப்பது அதே கிருமியின் செத்த சரக்கு. யாருக்கும் நோய் தராது. ஆனால் என் இயந்திரத்துக்கு உயிரோடு இருப்பதும் செத்ததும் ஒன்றுதான். மேஜையில் தெறித்த துளி எங்கெங்கே போனதோ அங்கெல்லாம் கக்குவான் இருமல் என்றுதான் அது சொல்லும்.

அண்ணியின் முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது. "என் ரூம்லயா? என் மேஜையிலயா? நான் தொடைக்காத இடம் ஒண்ணு காட்டு பாப்போம்! உன் மெஷினைக் கொண்டுபோய் ரிப்பேருக்குக் குடு."

"ஏய் தேளு, காலங்காத்தால கொட்டணுமா?" என்றான் அண்ணன். நான் மாடிக்கு வந்துவிட்டேன். கீழே ஒரு மணி நேரம் பாத்திரங்கள் பேசின.

திங்கட்கிழமை பத்து மணிக்கு அண்ணி என் ஆய்வக வாசலில் நின்றாள். கையில் ஒரு பை. அதற்குள் பதினாலு ஸ்வாப் குழாய்கள். ஒவ்வொன்றிலும் அவளுடைய உருண்டைக் கையெழுத்தில் சீட்டு: மேஜை, ஃபிரிட்ஜ் கைப்பிடி, பேனா, எடைத்தட்டு, கதவுப்பிடி, கையுறைப் பெட்டி, என் வலது கை, என் இடது கை, துணி.

"ஓட்டு," என்றாள்.

யாரும் அவளைக் கேட்கவில்லை. பெரிய டாக்டருக்கு அப்போது என் சந்தேகமே தெரியாது. பேசாமல் இருந்திருந்தால் பழி என் இயந்திரத்தின்மேல் விழுந்திருக்கும். அவள் விடிகாலையிலேயே போய், தன் அறையைத் திருடன் வீட்டைச் சோதனை போடுவதுபோலச் சோதனை போட்டுக் கொண்டுவந்திருந்தாள்.

மத்தியானம் விடை வந்தது. பதினாலில் பன்னிரண்டு மாட்டிக்கொண்டன. எல்லாவற்றுக்கும் மேலே துணி. அது பத்தொன்பதாவது சுற்றிலேயே கூச்சல் போட்டது. கிருமிநாசினி கிருமியைக் கொல்லும், வெந்நீர் கறையைப் போக்கும், ஆனால் டி.என்.ஏ நூலிழையாக ஒட்டிக்கொண்டே இருந்திருக்கிறது. மேஜையில் கிடந்ததை அந்தத் துணிதான் அறை முழுக்கப் பூசியிருக்கிறது. தப்பித்தவை இரண்டு. ஸ்டூல் போட்டு ஏறினால்தான் எட்டும் சுவர்க்கடிகாரம் ஒன்று, ஒருபோதும் திறக்காத ஜன்னலின் கம்பி மற்றொன்று. அவள் துடைக்காத இடங்கள் மட்டும்தான் அந்த அறையில் சுத்தமாக இருந்தன.

ஃபோனில் சொன்னேன். எனக்குச் சிரிப்பு வரும் என்று நினைத்திருந்தேன். வரவில்லை. அண்ணி எண்களை இன்னொரு தடவை சொல்லச் சொன்னாள். பிறகு, "சரி. எழுதிக் குடு. நானே டாக்டர்கிட்ட எடுத்துட்டுப் போறேன்," என்றாள். "நீயும் வா. அவருக்கு நம்பர் சொன்னாத்தான் புரியும்."

அன்றைக்கு ஒரு சட்டமும் போட்டோம். இந்த விவகாரம் முடிகிறவரை நானும் அவளும் ஒருவரை ஒருவர் தொடக்கூடாது. அவள் கை என்மேல் பட்டால் நான் குளித்து, உடுப்பு மாற்றினாலும் அன்று முழுக்க ஆய்வகத்துக்குள் கால் வைக்கக்கூடாது. வீட்டிலும் அதே சட்டம்தான். தேநீரை மேஜையில் வைத்துவிட்டு இரண்டடி தள்ளி நிற்பாள். "எங்க கல்யாணம் ஆன புதுசுலகூட நீங்க ரெண்டு பேரும் இவ்வளவு மரியாதையா இருந்ததில்ல," என்றான் அண்ணன்.

பெரிய டாக்டர் மோசமான மனிதர் இல்லை. தூக்கம் போதாத மனிதர். காகிதத்தைப் படித்தார், பேய்முழி முழித்தார், பிறகு அவர் வயிற்றில் யாரோ பால் வார்த்த மாதிரி நாற்காலியில் சாய்ந்தார்.

"அப்போ ஒம்பதும் பொய். நல்லவேளை! எல்லாத்தையும் ரத்து பண்ணிடலாம். சிஸ்டர், நீங்க மனசுல வெச்சுக்காதீங்க. ரிப்போர்ட்ல உங்க பேரு வேண்டாம், பொதுவா எழுதிக்கலாம்."

"பேரைப் போடுங்க டாக்டர். துணி என்னோடது," என்றாள் அண்ணி. "ஆனா ஒம்பது இல்ல. எட்டு."

"என்னது?"

"எட்டு என் துணி. ஒம்பதாவது நெஜம்."

ஒன்பதாவது, பிறந்து ஐந்தே வாரமான ஆண் குழந்தை. வெள்ளிக்கிழமை எடுத்த மாதிரி, சனிக்கிழமைதான் விடை போயிருந்தது. மருந்து வாங்கிக்கொள்ள வரச்சொன்னதால் தாயும் தகப்பனும் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள்.

டாக்டர் என்னைப் பார்த்தார். "அதுவும் அதே நம்பர்தானே?"

"முப்பத்தாறு," என்றேன். வேறு என்ன சொல்ல? இயந்திரத்தைக் கேட்டால் ஒன்பதும் ஒன்றுபோலத்தான்.

"அது என் தப்பு," என்றாள் அண்ணி. "அன்னிக்கு ஸ்வாப் முழுசா உள்ள போகல. பாதியில புள்ளைக்கு மூச்சு நின்னுபோச்சு. உடனே வெளிய எடுத்துட்டேன். அதான் கொஞ்சமா வந்திருக்கு. அப்பவே உங்ககிட்ட சொன்னேன் டாக்டர்."

"அழுற குழந்தை மூச்சைப் பிடிக்கும் சிஸ்டர். கக்குவான்னா இருமலுக்கு அப்புறம் இழுக்கிற சத்தம் வேணுமே? இது இருமவே இல்லையே!"

"இது அழல டாக்டர். அதைத்தான் சொல்றேன். இவ்வளவு சின்னதுக்கு இழுக்கத் தெம்பு ஏது? சத்தமே வராது. பேசாம நின்னுரும், உதடு நீலமாகும். அந்த அப்பா இருமறதை ஒரு நிமிஷம் கேளுங்க."

கதவுக்கு வெளியே தகப்பன் இருமிக்கொண்டிருந்தான். வேன் ஓட்டுகிறவன். விடாமல் பத்துப் பதினைந்து இருமல், முகம் சிவந்து, கடைசியில் குமட்டல். இருபது நாளாக இப்படித்தான் என்றான். தூசி ஒத்துக்கொள்ளவில்லையாம்.

டாக்டர் மோவாயைத் தடவினார். அவர் தயக்கத்திலும் நியாயம் இருந்தது. துணி பூசிய அறையில் எடுத்த மாதிரியை எவன் நம்புவான்? அதை வைத்துக்கொண்டு ஐந்து வாரப் பிள்ளையை ஆஸ்பத்திரியில் எப்படிச் சேர்ப்பது? ஆனால் அவள் சொல்வது மெய்யாக இருந்து, ரத்து என்று வீட்டுக்கு அனுப்பிவிட்டால், எல்லாரும் அசந்திருக்கும் ஒரு நேரத்தில் அந்தப் பிள்ளை சத்தமில்லாமல் நின்றுபோகும்.

"இன்னொரு ஸ்வாப் எடுக்கலாம்," என்றேன். "அதை இயந்திரத்துல ஓட்டாம, கிருமியை வளர்த்துப் பாக்கலாம். தடுப்பூசி சரக்கு செத்தது, தலைகீழா நின்னாலும் வளராது. வளர்ந்தா உயிருள்ள கிருமி. ஒரு வாரம் ஆகும். மருந்தை மட்டும் ஸ்வாப்புக்கு அப்புறம்தான் குடுக்கணும்."

"யார் எடுக்கிறது?" என்றார் டாக்டர்.

மூன்று பேரும் அண்ணியைப் பார்த்தோம், அண்ணி உட்பட. ஏழு கிளினிக்கிலும் ஐந்து வாரப் பிள்ளையின் மூக்குக்குள் பிசகாமல் போய்வருகிற ஒரே கை அவளுடையது. அந்தக் கைதான் தொடக்கூடாத கை; அது எடுத்த மாதிரியில் என்ன வளர்ந்தாலும் இனி எவனும் நம்பமாட்டான். நானும் ஆகாது. என் உடம்பில் ஆய்வகமே ஒட்டியிருக்கும். டாக்டரும் தினமும் அந்த அறைக்குள் போய்வருகிறவர்.

"மாடியில கண் நர்ஸ் இருக்கா," என்றாள் அண்ணி. "என் ரூம் பக்கமே வரமாட்டா. போன வருஷம் அவ செருப்பைத் தொடைச்சேன்னு கோபம்."

கண் நர்ஸ் நல்ல வாட்டசாட்டமான பெண்மணி. கண் பரிசோதனை அறையில், பெரிய எழுத்திலிருந்து சின்ன எழுத்துவரை அச்சிட்ட பலகைக்குக் கீழே, தாய் மடியில் குழந்தையோடு உட்கார்ந்தாள். கண் நர்ஸ் புதுக் கையுறை மாட்டிக்கொண்டு அப்போதுதான் வந்த பெட்டியிலிருந்து ஸ்வாப்பைப் பிரித்தாள். அண்ணி கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்றாள், அவளுக்குப் பின்னால் நானும் டாக்டரும். கைகள் இரண்டையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டாள்.

"இருபது வருஷமா கண்ணைத் தாண்டி நான் கீழ எறங்கினதே இல்ல," என்று கண் நர்ஸ் கத்தினாள். "ஏதாவது ஆச்சுன்னா நீதான் பொறுப்பு, ஈரத்துணி!"

"ஆமா, நான்தான். இப்ப கேளு. புள்ளை தலையை நேரா வை. மூக்கு நுனிக்கும் காதுக்கும் நடுவுல பாதி, அவ்வளவுதான் உள்ள போகணும். கம்பியை விரலால அங்க புடி. மேல பாத்து இல்ல. மேல போகாத. தரையோட தரையா, காது பக்கம் பாத்து. தள்ளாத, வழுக்கி விடு. தானா போகும்."

"போகுதுடி."

"முட்டும். மெதுவா முட்டும். முட்டுச்சா?"

"முட்டுச்சு."

"அங்கயே நில்லு. பத்து எண்ணு. திருப்பிக்கிட்டே எண்ணு."

ஆறு எண்ணும்போது குழந்தை இருமவில்லை, அழவில்லை. சும்மா நின்றது. நெஞ்சு அசையவில்லை. உதட்டோரம் முதலில் சாம்பலானது, பிறகு நீலம் படர்ந்தது. தாய் என்ன நடக்கிறது என்று புரியாமல் நர்ஸின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அண்ணியின் உடம்பு ஒரு எட்டு முன்னால் பாய்ந்தது. கண்ணாடியில் நெற்றி இடித்தது. ஆனால் பின்னால் கட்டிய கை அவிழவில்லை. ஒரு கை மற்றதைப் பிடித்திருந்த பிடியில் விரல்கள் வெளுத்துப்போயிருந்தன.

"ஸ்வாப்பை உருவு! குழாயில போட்டுரு. ஒருக்களிச்சுப் படுக்க வை. உள்ளங்கால்ல சுண்டு. இன்னும் பலமா! முதுகைத் தேய். மூஞ்சிய கீழ சாய், வாயில இருக்கிறதைத் துடை. தேய், தேய், விடாத..."

கதவைத் தள்ளிக்கொண்டு டாக்டர் உள்ளே ஓடினார். அவர் போய்ச் சேர்வதற்குள் குழந்தை ஒரு விக்கல் விக்கி, மூச்சை இழுத்து, பூனைக்குட்டிபோல அழுதது. அப்புறம்தான் தாய் அழுதாள். டாக்டர் குழந்தையின் உதட்டைப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார், கடைசியாக வெளியே நின்ற அண்ணியைப் பார்த்தார்.

"அட்மிட் பண்ணுங்க. மருந்து இப்பவே ஆரம்பிக்கணும். அப்பாவுக்கும் அம்மாவுக்கும் சேர்த்து," என்றார். "சிஸ்டர், என்னை மன்னிச்சுக்குங்க."

"கம்பி சரியான எடத்துக்குப் போச்சா?" என்று அண்ணி கண் நர்ஸிடம் கேட்டாள்.

"போச்சுடி தாயே," என்று சொல்லிக் கண் நர்ஸ் அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

நான் இதையெல்லாம் பார்த்தேன். அந்தக் கண்ணாடிக்கு முன்னால் அண்ணியின் இடத்தில் நான் இருந்திருந்தால் கதவை உடைத்துக்கொண்டு உள்ளே போயிருப்பேன், மாதிரி பாழாகியிருக்கும். தன்னால் முடியும் என்று தெரிந்த ஒரு காரியத்தை, கண்ணெதிரே ஒரு பிள்ளை நீலமாகும்போது, செய்யாமல் நிற்க எவ்வளவு பலம் வேண்டும்! என் அண்ணிக்கு அந்தப் பலம் இருந்தது. எனக்கு இல்லை. இதை எழுதித்தான் ஆகவேண்டும்.

மாதிரியைக் கிருமி வளர்க்கும் கல்ச்சர் தட்டில் தேய்த்தோம். கரி கலந்த தட்டு, கன்னங்கரேல் என்றிருக்கும். இந்தக் கிருமி செல்லப்பிள்ளை. ஈரமும் வேண்டும், இளஞ்சூடும் வேண்டும், அவசரப்படுத்தவும் கூடாது. தினமும் காலையில் இன்குபேட்டரைத் திறந்து கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்ப்பேன். தினமும் சாயங்காலம் அண்ணி மேஜையில் தேநீரை வைத்துவிட்டு, இரண்டடி தள்ளி நின்று கேட்பாள்.

"வளர்ந்துச்சா?"

"இல்ல அண்ணி."

தலையாட்டிவிட்டுப் போவாள். ஒரு பெருமூச்சு மட்டும் கேட்கும். ஏமாற்றம் என்று நினைத்துக்கொண்டேன். ஒன்பதாவது நிஜம் என்று ஒற்றைக்காலில் நின்றவள் அல்லவா? அது வளராவிட்டால் துணியோடு இந்தப் பேச்சும் சேர்ந்து அவள் தலையில்தான் விழும். பெரிய டாக்டர் அறிக்கையிலிருந்து அவள் பெயரை ஒருமுறை அடித்து அனுப்பியிருந்தார், அவள் அதை மறுபடி எழுதித் திருப்பி அனுப்பியிருந்தாள். நான்காம் நாள் அவள்மேல் இரக்கப்பட்டு, "வளரும் அண்ணி, கவலைப்படாதீங்க," என்று சொன்னேன். அவள் என்னை ஒருமாதிரி பார்த்தாள்.

ஆறாம் நாள் காலை தட்டைச் சாய்த்தபோது கறுப்பில் ஏதோ மினுங்கியது. கடுகைவிடச் சின்ன, பாதரசம் சிந்திய மாதிரிப் புள்ளிகள். ஏழெட்டு. செய்யவேண்டிய சோதனை எல்லாம் செய்து, சந்தேகம் தீர்ந்தபோது மத்தியானம் ஆகிவிட்டது. ஃபோனில் சொல்ல மனம் வரவில்லை. ஆஸ்பத்திரிக்கு நடந்தேன். சாப்பாட்டு நேரத்தில் அண்ணி அங்கேதான் இருப்பாள் என்று தெரியும்.

குழந்தைகள் வார்டுக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்து கண்ணாடிவழியாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். உள்ளே அந்தத் துளியூண்டு உடம்பில் வயர்கள். தாய் பக்கத்தில் இருந்தாள்.

"எப்படி இருக்கான்?"

"நேத்துலேருந்து ஒரு தடவைகூட நிக்கல," என்றாள் அண்ணி. "மருந்து கேக்குது. பாலும் குடிக்கிறானாம்."

"வளர்ந்திருக்கு அண்ணி."

அவள் திரும்பினாள். "உயிரோடவா?"

"உயிரோட. உங்க துணி இல்ல. நீங்க சொன்னதுதான்."

நான் ஒரு சிரிப்பை எதிர்பார்த்தேன். 'நான் அப்பவே சொன்னேன்ல?' என்ற ஒரு வார்த்தையை எதிர்பார்த்தேன். நானாக இருந்தால் அதைச் சுவரில் எழுதி மாட்டியிருப்பேன். அவள் கண்ணாடியின் பக்கம் திரும்பி அந்தப் பிள்ளையைப் பார்த்தாள். அவள் தோள்கள் குலுங்கின. இத்தனை வருஷத்தில் அவள் அழுது நான் பார்த்ததில்லை.

"தினம் வேண்டிக்கிட்டேன்டி," என்றாள். "வளரக்கூடாது, வளரக்கூடாதுன்னு. ஒம்பதும் என் துணியாவே இருந்திருக்கக் கூடாதா?"

அந்தப் பெருமூச்சு ஏமாற்றம் இல்லை. ஒவ்வொரு சாயங்காலமும் நான் 'இல்ல' என்று சொன்னபோது, பழி முழுக்கத் தன்மேலேயே இருக்கிறது, பிள்ளைக்கு ஒன்றுமில்லை என்று அவள் நிம்மதியாகப் போயிருக்கிறாள். எனக்கு அது தெரியவே இல்லை, தட்டை மட்டும் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

பெஞ்சில் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். "தள்ளி உக்காரு, மேல படும்," என்றாள் கண்ணைத் துடைத்துக்கொண்டே. நான் அவள் இரண்டு கைகளையும் எடுத்து என் கைக்குள் வைத்துக்கொண்டேன்.

"ஏய், சாயங்காலம் லேபுக்குப் போக வேண்டாமா நீ?"

"இன்னிக்கு லீவு," என்றேன்.